ஏழு மாத மூப்பு

2022ஆம் ஆண்டின் கடைசி நாள் சனிக்கிழமையில் விழுந்ததால் எங்கள் கந்தோரில் பிரியாவிடை வெள்ளிக்கிழமையே நடந்தது. ஒருவருக்கல்ல, நாலு பேருக்கு. அந்த வருடத் தொடக்கத்தில் அரச ஊழியர் ஓய்வுபெறும் வயதை 65 ஆக்கியிருந்தார்கள். நாட்டின் பொருளாதாரம் விழுந்த பிறகு, அதே வருடத்துக்குள் அதைத் திரும்ப 60க்கு இறக்கி, 60 தாண்டிய எல்லோரும் டிசம்பர் 31உடன் போகவேண்டும் என்றார்கள். இன்னும் சில வருடம் இருக்கிறது என்று நம்பி வீட்டுக்குக் கடன் எடுத்தவர்கூட அன்று மாலையைப் போட்டுக்கொண்டு நின்றார். ரோல்ஸ், கேக், பிளேன்ரீ, ஆளுக்கொரு பொன்னாடை.

அந்த நாலு பேரில் ஒருவர் எங்கள் சி.சி. கதவில் நீளமான தமிழ்ப் பதவிப் பெயர் ஒட்டியிருக்கும். ஆனால் வன்னியில் எந்தக் கந்தோருக்குப் போனாலும் அந்தக் கதிரையில் இருப்பவர் சி.சி.தான், வெள்ளைக்காரன் வைத்துவிட்டுப் போன சீஃப் கிளார்க். திங்கட்கிழமை, 2023 ஜனவரி 2, அந்தக் கதிரை வெறுமையாக இருந்தது. நிரந்தரமாக ஆள் வர எத்தனை மாதம் ஆகுமோ, அதுவரைக்கும் உள்ளவர்களில் மூத்தவர் அந்தக் கடமையைப் பார்க்கவேண்டும். அதற்குப் பெயர் பதில் கடமை. மூத்தவர் யார் என்று பட்டியல் போடச் சொல்லி ஒரு குறிப்பு என் மேசைக்கு வந்தது. ஊழியர்களின் நியமனம், சேவைக் கோவைகள் பார்க்கிற தாபனக் கிளை என்னுடைய விடயம்.

பட்டியல் போட்டேன். முதல் பெயர் என்னுடையது. இரண்டாவது பெயர், நான் இந்தக் கட்டுரை முழுக்க அண்ணை என்று சொல்லப்போகிற ஒருவருடையது. இரண்டு பெயருக்கும் இடையில் ஏழு மாதம்.

அந்த ஏழு மாதம் எப்படி வந்தது என்று சொல்லவேண்டும். முகாமைத்துவ உதவியாளர் சேவையின் அடித்தரத்துக்குள் நுழைய இரண்டு வாசல். ஒன்று திறந்த போட்டிப் பரீட்சை: உயர்தரம் படித்த எவரும் வெளியிலிருந்து எழுதலாம். மற்றது மட்டுப்படுத்தப்பட்ட போட்டிப் பரீட்சை: ஏற்கெனவே அரச சேவையில் கீழ்நிலையில் இருப்பவர்கள், குறித்த காலம் வேலை செய்த பிறகு, எழுதி மேலே வரலாம். கந்தோர்ப் பேச்சில் 'ஓப்பன்ல வந்தவை', 'லிமிட்டட்ல வந்தவை'. நிர்வாக சேவையிலும் கல்வி நிர்வாக சேவையிலும் இதே இரண்டு வாசல்கள் உண்டு. ஒரு டி.எஸ்., அதாவது பிரதேச செயலாளர், புதிதாக வந்தால் எங்கள் ஆட்கள் முதல் விசாரிப்பது ஊர் எது என்று. இரண்டாவது, ஓப்பனா லிமிட்டட்டா என்று.

நான் ஓப்பன். அண்ணை லிமிட்டட்.

நான் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் எனக்கு மேசையைத் துடைத்துக் கதிரை போட்டுத் தந்தவர் அவர்தான். அப்போது அவர் அலுவலக உதவியாளர். 'மிஸ், இந்த லாச்சி பூட்டுப்படாது, சாமான் வைக்காதேங்கோ' என்றார். எனக்கு 23 வயது. என்னை முதன்முதலில் மிஸ் என்று கூப்பிட்ட மனிசர். ஏழு மாதம் கழித்து அவருடைய நியமனக் கடிதம் வந்தது. எனக்குப் பக்கத்து மேசையில், எனக்குத் தந்த அதே தரத்தில், அவரும் ஒரு முகாமைத்துவ உதவியாளர். அன்று பின்னேரமே மிஸ் போய் 'பிள்ளை' வந்துவிட்டது. எனக்கும் அதுதான் வசதியாக இருந்தது.

பட்டியலில் அவருக்கு நேரே நான் எழுதிய திகதி அந்தக் கடிதத்தின் திகதி. அதற்கு முந்திய காலத்துக்குப் பட்டியலில் நிரல் இல்லை.

அந்தக் காலம் சின்னக் காலமல்ல. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அமைய அடிப்படையில், நாட்சம்பளத்துக்கு, ஒரு கச்சேரிக் கிளையில் ஓலைக் கட்டிடத்தில் சேர்ந்தவர் அவர். 1994இல் நிரந்தரம். அப்போது எனக்கு நாலு வயது. 1996இல் இராணுவம் கிளிநொச்சி நகரத்தைப் பிடித்தபோது கந்தோர்கள் அக்கராயன், ஸ்கந்தபுரம், மல்லாவிப் பக்கம் சிதறின. பொருளாதாரத் தடை. வெள்ளைக் கடதாசி கிடைக்காமல் பழைய படிவங்களின் பின்பக்கத்தில் சுற்றுநிருபம் எழுதிய காலம் அது. யாருடைய கோவை (ஃபைல்) எந்த ரங்குப் பெட்டியில் போனது என்பது அவருக்கு மனப்பாடம். 2009க்குப் பிறகு மீள்குடியேறி வந்த கந்தோர்களில் பாதி வேலை, இல்லாத கோவையைத் திரும்ப உருவாக்குவது. சத்தியக் கடதாசி, சம்பளப் பட்டியலின் பழைய பிரதி, 'ஓம், இவர் எங்களோட வேலை செய்தவர்' என்று இரண்டு பேரின் கையொப்பம். அண்ணை அப்படி எத்தனை பேருக்குக் கையொப்பம் வைத்திருப்பார் என்று கணக்கில்லை.

அவர் ஏன் முன்னமே மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சை எழுதவில்லை என்று கேட்கலாம். நானே கேட்டிருக்கிறேன். முதலில், அது வருடாவருடம் வருகிற சோதனை அல்ல. வெற்றிடம் எண்ணி, வர்த்தமானியில் போட்டு, எப்போதாவது ஒருநாள் வரும். வந்தாலும் நிலையம் வவுனியாவில் இருக்கும். ஒரு பக்கம் புலிகளின் பாஸ், மறுபக்கம் ஓமந்தைச் சோதனைச்சாவடி. ஒரு முறை விண்ணப்பித்து அனுமதி அட்டை வந்து சேர்ந்தபோது சோதனை முடிந்து ஒன்பது நாளாம். இதைச் சொல்லும்போது அவர் சிரிப்பார். எனக்குச் சிரிப்பு வந்ததில்லை.

அப்புறம், போர் முடிந்து எழுதிய பரீட்சை. அந்த மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சைக்கான அறிவித்தல் என்னுடைய திறந்த பரீட்சை அறிவித்தலுக்கு முந்தி வந்தது. சோதனையும் முந்தி நடந்தது. பெறுபேறு மட்டும் பிந்தியது. பிந்தியதற்கு அண்ணை பொறுப்பில்லை, நானும் பொறுப்பில்லை. ஆனால் அந்தப் பிந்தல்தான் நான் போட்ட பட்டியலில் ஏழு மாதமாக உட்கார்ந்திருந்தது.

பட்டியலை மேலதிகாரி கையொப்பம் வைத்து அறிவித்தல் பலகையில் போட்டார். பதில் கடமை எனக்கு. அடுத்த நாள் காலை அண்ணை என் மேசைக்கு வந்து நின்றார்.

'லிஸ்ட் பாத்தனான் மிஸ்.'

திரும்பவும் மிஸ். நான் எதுவும் சொல்லவில்லை. ஒரு வாரத்தில் அவருடைய மேன்முறையீடு வந்தது. தாபனக் கிளைக்கு, அதாவது என் மேசைக்கு. என்னைப் பற்றிய முறைப்பாட்டை நானே பதிந்து, நானே இலக்கம் போட்டேன். உடனே நிர்வாக உத்தியோகத்தரான ஏ.ஓ.விடம் கொண்டுபோய், இந்தக் கோவையை வேறு ஒருவருக்குக் கொடுங்கள் என்று சொன்னேன். கொடுத்தார். ஆனால் கொடுப்பதற்கு முன் முழுவதையும் வாசித்துவிட்டேன். வாசிக்கவில்லை என்று பொய் சொல்லப் போவதில்லை.

நாலு பக்கம். மூன்றே முக்கால் பக்கம் அவருடைய சேவை வரலாறு. கடைசிக் கால் பக்கம் சட்டம். அதோடு இணைப்பாக, யாரோ வட்ஸ்அப்பில் அனுப்பிய இந்திய உச்ச நீதிமன்றத் தீர்ப்பொன்றின் சாரம், தொலைபேசித் திரையைப் படம் பிடித்து அச்செடுத்தது. 2012ஆம் ஆண்டின் பார்மர் தீர்ப்பு. ஆட்சேர்ப்பு எந்த வருடத்தில் தொடங்கியதோ அந்த வருடத்திலிருந்தே ஒருவருடைய மூப்பு எண்ணப்படலாம், நிர்வாகம் தாமதித்ததற்கு ஊழியர் நட்டப்படக் கூடாது என்பது அதன் சாரம். அண்ணையின் வழக்குக்குத் தைத்து வைத்த சட்டைபோல இருந்தது.

இந்தியத் தீர்ப்பு இங்கே யாரையும் கட்டாது. ஆனாலும் எனக்கு உறுத்தியது. அன்றிரவு இணையத்தில் தேடிக்கொண்டிருந்தேன். இந்தியாவில் இந்தச் சண்டை எவ்வளவு பெரியது என்று அன்றுதான் தெரிந்தது. அங்கே ஒரே பதவிக்கு இத்தனை பங்கு நேரடி ஆட்சேர்ப்பு, இத்தனை பங்கு பதவி உயர்வு என்று பிரித்து, இரண்டு தரப்பையும் மாறிமாறிப் பட்டியலில் கோர்க்கும் முறை இருக்கிறது. ஒரு பக்கம் ஆள் வரத் தாமதித்தால் அந்த இடத்தை வெறுமையாக விடுவதா, வந்தவரை அதில் ஏற்றுவதா? இதற்காகவே ஒரு தலைமுறை வழக்காடியிருக்கிறது. 1990இல் மகாராஷ்டிரப் பொறியியலாளர்களின் வழக்கில் ஐந்து நீதிபதிகள் இருந்து சொன்னது: விதிப்படி நியமிக்கப்பட்டவரின் மூப்பு நியமனத் திகதியிலிருந்து எண்ணப்படும், நிரந்தரமாக உறுதிப்படுத்திய திகதியிலிருந்து அல்ல; விதிக்குப் புறம்பாக இடைக்கால ஏற்பாடாகப் பார்த்த வேலை மூப்பில் சேராது. கேட்க நேராகத்தான் இருக்கிறது. அதற்குப் பிறகும் வழக்குகள் ஓயவில்லை.

வேடிக்கை என்னவென்றால், அண்ணை இணைத்த பார்மர் வழக்கில் வென்றவர்கள் வருமான வரித் திணைக்களத்தின் நேரடி ஆட்சேர்ப்பு அதிகாரிகள். என்னைப் போன்ற ஓப்பன்காரர்! பதவி உயர்வில் வந்தவர்களுக்கு எதிராக அவர்கள் வாங்கிய தீர்ப்பைத்தான் லிமிட்டட்காரர் எனக்கு எதிராகக் கொடுத்திருந்தார். இன்னொன்று, அந்தத் தீர்ப்பு அப்போதே உயிரோடு இருக்கவில்லை. 2019 நவம்பரில் அதே நீதிமன்றம், மணிப்பூர்ப் பொலிஸ் சேவை வழக்கில், பார்மர் சொன்னது பிழை என்று தள்ளிவிட்டது. அங்கே பதவி உயர்வு பெற்றவர்கள் 2007 மார்ச் 1இல் நியமனம் ஆனவர்கள். நேரடியாக வந்தவர்கள் அதே வருடம் ஓகஸ்டிலும் நவம்பரிலும். ஐந்தரை மாதத்துக்கும் ஒன்பது மாதத்துக்குமாக ஒரு மாநிலப் பொலிஸ் பன்னிரண்டு வருடம் நீதிமன்றம் ஏறி இறங்கியிருக்கிறது. சேவைக்குள் இன்னும் பிறக்காத ஒருவர், ஏற்கெனவே பிறந்துவிட்ட ஒருவருக்கு மூத்தவர் ஆக முடியாது என்பதே முடிவு. அந்த முடிவால் அங்கே வென்றது லிமிட்டட் பக்கம். அதே விதி எங்கள் கந்தோரில் ஓப்பனை வெல்ல வைக்கிறது.

அதை வாசித்துவிட்டு எனக்குள் வந்தது நிம்மதி. நிம்மதி வந்ததை நினைக்க வெட்கமும் வந்தது. காலையில் அண்ணையிடம் போய், நீங்கள் இணைத்த தீர்ப்பு செத்துப்போனது என்று சொல்லலாமா என்று யோசித்தேன். சொல்லவில்லை. எதிர்த்தரப்புக்கு நானே வழக்கறிஞர் ஆக முடியாது என்று எனக்கு நானே நியாயம் சொல்லிக்கொண்டேன். நல்ல நியாயம்தான், இன்றைக்கும் அது எனக்கு முழுதாகச் சரிவரவில்லை.

ஒன்றை ஒப்புக்கொள்ளவேண்டும். அந்தக் கதிரையில் என்னைவிட அவர் இருந்திருந்தால் கந்தோர் நன்றாக ஓடியிருக்கும். எந்தக் கோவை எந்த அலுமாரியில், எந்தச் சாரதிக்கு எந்த வீட்டுப் பிரச்சினை, வருட முடிவில் கணக்காளரிடம் எதை முன்கூட்டியே கேட்கவேண்டும், எல்லாம் அவருக்குத் தெரியும். நான் முதல் மூன்று மாதம் திணறினேன். அந்த மூன்று மாதமும் நான் கேட்டால் அவர் பதில் சொல்வார், கேட்காததைச் சொல்லமாட்டார்.

அப்படியானால் ஏன் விட்டுக்கொடுக்கவில்லை என்று வீட்டில் அம்மா கேட்டா. 'அந்தாள் எத்தனை வருசமா உழைக்குது, நீ பெடிச்சி, பிறகு வராதே உனக்கு?' வரும்தான். ஆனால் அரச கோவைக்குப் பெருந்தன்மை தெரியாது. 'இவர் பதில் கடமையை ஏற்க மறுத்தார்' என்று ஒரு வரி மட்டும் அதில் இருக்கும். பத்து வருடம் கழித்து என்னை யாரென்றே தெரியாத ஒருவர் அதை வாசிப்பார். இது ஒரு காரணம்.

மற்றக் காரணத்தை அம்மாவிடம் சொல்லவில்லை. 2009 ஓகஸ்டில் நான் உயர்தரம் எழுதியது மெனிக் பாம் அகதி முகாமில், முள்ளுக்கம்பிக்குள். அந்த வருடம் என் வாழ்க்கையில் எதிலும் நீதி இருக்கவில்லை. யார் எந்தக் கூடாரம், யார் எந்த வரிசை, எல்லாம் யாரோ ஒருவருடைய கைக்காட்டல். பிறகு வந்த திறந்த போட்டிப் பரீட்சையில் மட்டும்தான் நான் யார், எங்கிருந்து வந்தேன் என்று ஒருவரும் கேட்கவில்லை. சுட்டெண் மட்டும். அந்தச் சுட்டெண் தந்த திகதி அது. அதை விட என்னால் முடியவில்லை.

அண்ணைக்கும் சரிக்குச் சரி இப்படி ஒரு கதை இருக்கும். வன்னியில் யாருக்குத்தான் இல்லை? அதனால்தான், எவ்வளவு கொடுமையாக இருந்தாலும் நியமனத் திகதி என்ற கணக்கே சரி என்று நினைக்கிறேன். இழந்த காலத்தை மூப்பில் சேர்க்கத் தொடங்கினால், இடம்பெயர்ந்த வருடம், தபால் வராத வருடம், பாஸ் கிடைக்காத வருடம் என்று ஒவ்வொருவரும் ஒவ்வொன்றைக் கொண்டுவருவோம். எல்லாம் உண்மையாகவும் இருக்கும். யார் அதைத் தராசில் போடுவது? எங்களுக்கு நியமனம் கிடைத்த காலத்தில் இருந்த, நியமனம், பதவி உயர்வு எல்லாவற்றுக்குமான அரசாங்க சேவை ஆணைக்குழுவின் நடைமுறை விதிகள் வர்த்தமானியில் வந்த திகதி 2009 பெப்ரவரி 20. அன்றைக்கு நாங்கள் போருக்குள், மாத்தளன் மணலில் பதுங்கக் கிடங்கு வெட்டிக்கொண்டிருந்தோம். அந்த விதிகளை எழுதியவர்கள் எங்களை நினைத்து எழுதவில்லை. அதற்காக அவர்களில் பிழை சொல்ல எனக்குத் தோன்றவும் இல்லை.

பிழை வேறிடத்தில். வெற்றிடம் இருக்கிறது என்று தெரிந்தும் பரீட்சையை வைக்காமல் இழுப்பது, வைத்தால் பெறுபேற்றை இழுப்பது, வந்தால் கடிதத்தை இழுப்பது. இழுக்கிறவர்களுக்கு அதனால் ஒரு ரூபாயும் நட்டமில்லை. இரண்டு வாசலையும் ஒரே வருடத்தில், ஒரே மாதத்தில் திறந்து மூடியிருந்தால் அண்ணையும் நானும் ஒரே திகதியில் வந்திருப்போம். எங்களுக்குள் புள்ளி வரிசை தீர்த்திருக்கும். கந்தோரில் ஓப்பன்காரரும் லிமிட்டட்காரரும் தனித்தனி மேசையில் சோறு சாப்பிடுவதைப் பார்க்கிறபோது எனக்கு இதுதான் எரிச்சல். முகம் தெரியாத ஒருவருடைய மேசையில் கிடந்த கோவைக்காக இங்கே பக்கத்து மேசைக்காரர்கள் கதைக்காமல் இருக்கிறோம்.

பள்ளிக்கூடங்களில் இது இன்னும் மோசம். 2010, 2011இல் மீள்குடியேறிய கிராமங்களில், துணுக்காய்ப் பக்கமும் புதுக்குடியிருப்புப் பக்கமும், தறப்பாள் கொட்டகைக்குள் பள்ளிக்கூடத்தைத் திரும்பத் தொடங்கியவர்கள் பலர் கடமை நிறைவேற்று அதிபர்கள். அதிபர் சேவைக்குள் இல்லாத ஆசிரியர்கள். பிள்ளைகளை வீடு வீடாகப் போய்க் கூட்டி வந்து, கிணறு இறைத்து, மலசலகூடம் கட்ட நிறுவனங்களின் படியேறி ஒரு பள்ளிக்கூடத்தை நிமிர்த்துவார்கள். பிறகு பரீட்சை எழுதி அதிபர் சேவைக்குள் வந்த ஒருவர் நியமனக் கடிதத்தோடு வாசலில் நிற்பார். அவர்மேலும் பிழையில்லை, படித்து எழுதிச் சித்தியடைந்தவர். ஆனால் அந்த முதல் நாள் காலைக் கூட்டத்தில் எந்தக் கதிரையில் யார் இருப்பது என்று பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருப்பார்கள். ஒரு உறவுக்காரிக்கு இது நடந்தது. அவ அன்றைக்கு வகுப்பறைக்குள் போய் மூன்றாம் ஆண்டுக்குத் தமிழ் படிப்பித்தாவாம். வேறு என்ன செய்வது.

எங்கள் கதைக்கு வருகிறேன். அண்ணையின் மேன்முறையீட்டுக்குப் பதில் வந்தது: நியமனத் திகதியின்படி பட்டியல் சரி. இரண்டு வரி. மூன்றே முக்கால் பக்க வரலாற்றைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. இதற்கு மேலே அரசாங்க சேவை ஆணைக்குழு, அதற்கு மேலே 2002இன் சட்டத்தால் வந்த நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை. அடிப்படை உரிமை என்று உயர் நீதிமன்றம் போவதென்றால் ஒரு மாதத்துக்குள், 300 கிலோமீற்றருக்கு மேல், கொழும்புக்கு. பதில் கடமைக்காக யார் அவ்வளவு தூரம் போவார்கள்? அண்ணை போகவில்லை. சிங்களப் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு பின் மேசைக்குப் போனார். 2007 ஜூலைக்குப் பிறகு ஒரு சேவைக்குள் வந்தவர் ஐந்து வருடத்தில் இரண்டாம் மொழித் தேர்ச்சி காட்டவேண்டும், இல்லாவிட்டால் சம்பள ஏற்றத்தில் கை வைப்பார்கள். ஐம்பது வயதுக்கு மேல் அயன்ன ஆயன்ன எழுதிப் பழகிக்கொண்டிருந்தார். இந்த விடயத்தில் ஓப்பனும் லிமிட்டட்டும் ஒன்று, எல்லோருக்கும் கஷ்டம்.

இதில் ஒரு விசித்திரம் உண்டு. சம்பளத்தாளில் அவர் எப்போதும் எனக்கு மேலே. பதவி உயரும்போது பழைய சம்பளத்தைக் குறைக்காமல் புதிய படிநிலையில் பொருத்துவார்கள். ஓய்வூதியத்துக்கும் அவருடைய நிரந்தர சேவை முழுவதும் எண்ணப்படும். மூப்புக்கு மட்டும் அந்த இருபது வருடம் இல்லை. ஒரே அரசாங்கம், ஒரே மனிதர், இரண்டு கணக்கு.

2024இல் அவருக்கு 60. ஓய்வூதியக் கோவை தாபனக் கிளைக்கு, என்னிடம் வந்தது. அதற்குள் நிரந்தர சி.சி. வந்து நான் என் பழைய மேசைக்குத் திரும்பியிருந்தேன். இந்தக் கோவையை வேறு ஒருவருக்குக் கொடுங்கள் என்று இந்த முறை நான் கேட்கவில்லை. இரண்டு நாள் இருந்து சேவைக் காலத்தை வருடம், மாதம், நாள் என்று கூட்டினேன். சம்பளமற்ற லீவு கழித்து, இடம்பெயர்ந்த மாதங்களுக்கு எந்தச் சுற்றுநிருபம் பொருந்தும் என்று பார்த்து, ஒவ்வொரு வரிக்கும் ஆதாரம் தேடி இணைத்தேன். பழைய சம்பளப் பட்டியல் ஒன்று கறையான் தின்று பாதியாக இருந்தது. பாதிக்குள் அவருடைய பெயர் தப்பியிருந்தது.

கணக்கை அவரிடம் காட்டினேன். மூக்குக்கண்ணாடியைத் தூக்கி நெற்றியில் வைத்துக்கொண்டு, கடதாசியைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்து, விரலால் வரி வரியாகப் போனார்.

'96ல ஒரு மாசம் குறையுது பிள்ளை.'

'இல்லை அண்ணை, சரியாத்தான் பாத்தனான்.'

'செப்டெம்பர். ஸ்கந்தபுரத்தில நாங்கள் கொட்டில் போட்ட மாசம். சம்பளம் ஒக்ரோபரோட சேத்துத் தந்தவை. நீர் ஒக்ரோபரை ஒண்டாத்தான் எண்ணியிருப்பீர்.'

பட்டியலைத் திரும்ப எடுத்து எண்ணினேன். அவர் சொன்னது சரி.